மைக்குப் பணியாத விரல்கள்

வாக்குச் சாவடியில் விரலில் மை வைக்கிறார்கள். அதை நாலு பேருக்குக் காட்டிப் பெருமைப்படுகிறோம். ரேஷன் கடையில் விரலை வைத்தால்தான் அரிசி, சலித்துக்கொண்டே வைக்கிறோம். ஆனால், மை தடவ விரலை நீட்டமாட்டோம் என்று சொன்ன குற்றத்துக்காக 16 உயிர்களைப் பறிகொடுத்த ஊர் ஒன்று நம் மதுரைச் சீமையிலே இருக்கிறது. அதுதான் உசிலம்பட்டி வட்டாரத்துப் பெருங்காமநல்லூர். நாள்: 1920 ஏப்ரல் 3.

என்ன சட்டம் அது? குற்றப் பரம்பரைச் சட்டம். 1871இல் வடநாட்டில் பிறந்தது. 1911இல் புதுச் சட்டமாகிச் சென்னை மாகாணத்துக்கும் வந்தது. 1914இல் மதுரைக்கு மேற்கே கீழக்குயில்குடியில் அதன் கை விழுந்தது. 1918இல் பிரமலைக் கள்ளர் அனைவர் மீதும் பாய்ந்தது. குற்றம் செய்தவனுக்குத் தண்டனை என்பது உலக நியாயம். பிறந்தவனெல்லாம் குற்றவாளி என்பது வெள்ளைக்காரன் கண்டுபிடித்த நியாயம்!

வயதுக்கு வந்த ஆண்கள் கைரேகை பதிய வேண்டும். பதிந்தவர்களில் பலர் இரவானால் போலீஸ் நிலையத்திலோ சாவடியிலோ படுத்து உறங்க வேண்டும். புது மாப்பிள்ளைக்கும் விலக்கில்லை. வெளியூர் போக வேண்டுமா? சீட்டு வாங்கு! தவறினால் சிறை. தாய் சாகக் கிடந்தாலும் சீட்டில்லாமல் ஊர் எல்லை தாண்ட முடியாது. இதற்குப் பெயர் அடிமைத்தனம் இல்லையென்றால் வேறு எதற்கு அந்தப் பெயர்?

திருட்டே நடக்கவில்லை என்று நாம் வாதாடவில்லை. எதனால் நடந்தது என்று கேட்கிறோம். ஊர்க்காவல் பார்த்துக் கூலி வாங்கிய மக்கள் இவர்கள். சர்க்கார் போலீஸ் வந்தது. காவல் உரிமை போயிற்று. 1895இல் பெரியாறு அணைத் தண்ணீர் மலையைக் குடைந்து வந்தது. மதுரைக்கும் மேலூருக்கும் பாய்ந்தது. உசிலம்பட்டிப் பக்கத்து மானாவாரி நிலம் வானம் பார்த்தே கிடந்தது. வேலையைப் பறித்தவன், தண்ணீரைக் கொடுக்காதவன், கடைசியில் பட்டினி கிடந்தவனுக்குத் திருடன் என்று பட்டம் சூட்டினான்.

பெருங்காமநல்லூர் மக்கள் மனுக் கொடுத்துப் பார்த்தார்கள், பலிக்கவில்லை. ஏப்ரல் 3 காலையில் ரிசர்வ் போலீஸ் துப்பாக்கியோடு ஊருக்குள் நின்றது. ரேகை வைக்க மாட்டோம் என்றனர் மக்கள். துப்பாக்கி பேசியது. அடிபட்டுத் துடித்தவர்களுக்குத் தண்ணீர் கொடுத்த மாயக்காள் என்ற பெண்ணும் பிணமானாள். மாயக்காள் ஏந்தியது ஆயுதமா? தண்ணீர்!

இதே வெள்ளைச் சர்க்காரின் இன்னொரு முகத்தையும் பாருங்கள். கரீபியக் கடலில் ஜமைக்கா என்றொரு தீவு. அங்கே கரும்புத் தோட்டத்து நீக்ரோ அடிமைகளும் தோட்டத்தை விட்டு வெளியே போகச் சீட்டு வாங்க வேண்டும். 1831 கிறிஸ்துமஸ் முடிந்ததும், கூலி கொடுக்காமல் இனி வேலையில்லை என்று அடிமைகளைத் திரட்டினான் சாம் ஷார்ப். அவனும் ஓர் அடிமை. பாப்டிஸ்ட் சபையில் போதகம் செய்தவன். அது வேலைநிறுத்தம், தோழர்களே! கலவரமாக வெடித்தது, ராணுவம் நசுக்கியது. 300க்கு மேற்பட்டோர் கொல்லப்பட்டனர். 1832 மே 23இல் ஷார்ப் தூக்கிலேறினான். மறு ஆண்டே அடிமை ஒழிப்புச் சட்டம் லண்டனில் நிறைவேறியது. அதிலும் பாருங்கள் அநியாயத்தை! 2 கோடி பவுன் நஷ்டஈடு, அடிமைக்கல்ல, ஆண்டைக்கு! அடிமைகள் விட்டுப்போன கரீபியத் தோட்டங்களுக்கு ஒப்பந்தக் கூலிகளாகக் கப்பலேறியவர்களில் நம் தமிழரும் உண்டு. ஜமைக்காவில் தோட்டச் சீட்டு, மதுரையில் ராத்திரிச் சீட்டு. எழுதிய கை ஒன்றே.

துப்பாக்கியோடு கதை முடிந்துவிடவில்லை. மதுரை வக்கீல் ஜார்ஜ் ஜோசப் இந்த மக்களுக்காகக் கோர்ட்டில் வாதாடினார். செங்கன்னூரில் பிறந்த கிறிஸ்தவர்; மதுரை மில் தொழிலாளர்களுக்குச் சங்கம் கட்டியவரும் அவரே. மக்கள் அவரை ரோசாப்பூ துரை என்று அழைத்தார்கள். இராமநாதபுரத்தில் முத்துராமலிங்கத் தேவர் சட்டத்தை எதிர்த்து ஊர் ஊராகப் போனார். 1947இல் சென்னை மாகாணத்தில் சட்டம் ஒழிந்தது. 1952இல் நாடு முழுவதும் ஒழிந்தது.

ஒழிந்ததா? பழக்கக் குற்றவாளிச் சட்டங்கள் என்று புதுச் சட்டை போட்டுக்கொண்டு அந்த இடத்துக்கு வந்தன. சிறைக்குள்ளே சாதி பார்த்து வேலை பிரிக்கும் விதிகள் செல்லாது என்று உச்ச நீதிமன்றம் சொல்ல 2024 அக்டோபர் 3 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. சீர்மரபினர் என்று பெயர் மாறிய மக்கள் மேல் விழுந்த சந்தேகக் கண் இன்னும் முழுதாக மூடவில்லை.

ஒரு வார்த்தை. ஆண்டுதோறும் ஏப்ரல் 3 வந்தால் பெருங்காமநல்லூர் நினைவுத்தூணில் மாலைகள் குவிகின்றன. நல்லது. ஆனால் அந்தத் தியாகத்தை ஒரு சாதியின் வேலிக்குள் அடைத்துவிட்டால், சுட்டவனுக்குத்தான் லாபம். அந்தச் சட்டம் மறவரையும் பிடித்தது, குறவரையும் பிடித்தது. நேற்று முத்திரை குத்தப்பட்டவனின் பேரன், இன்று சேரியில் இருப்பவனை இளக்காரமாகப் பார்த்தால், மாயக்காள் கொடுத்த தண்ணீருக்குத் துரோகம் செய்தவனாவான். கிறிஸ்தவ வக்கீல் ஒருவர் கள்ளர் வழக்கையும் மில் தொழிலாளி வழக்கையும் ஒன்றாகச் சுமந்தாரே, அதுதான் மதுரையின் பாடம்.

தோழனே! ஏப்ரல் 3 உன்னுடைய நாள். நீ எந்தச் சாதியில் பிறந்திருந்தாலும் உன்னுடைய நாள்.