அப்பீல் தள்ளுபடியான சேதி

கேஸில் தோற்றவர்களைப் பார்த்திருக்கிறேன். தோற்றதே தெரியாமல் ஊரில் இருந்தவர்களையும் பார்த்திருக்கிறேன். இவர்களை நினைத்தால்தான் வயிறு எரிகிறது. நெல்லைப் பக்கத்துக் கோர்ட்டுகளில் வக்கீல் குமாஸ்தாவாகவே தலை நரைத்தவன் நான்.

முன்சீப் கோர்ட்டில் நிலத் தாவா தோற்றவர் சார்பு நீதிமன்றத்தில் அப்பீல் போடுகிறார். தடையுத்தரவும் கிடைத்துவிடுகிறது. இனி வக்கீல் பார்த்துக்கொள்வார் என்று ஊருக்குப் போய்விடுகிறார். விசாரணை நாளில் டவாலி கூப்பிடுகிறார். வக்கீல் வேறு கோர்ட்டில் நிற்கிறார். கேஸ் கட்டில் 'ஆஜரில்லை, தள்ளுபடி' என்று ஒரு வரி ஏறுகிறது. தடையுத்தரவும் அத்தோடு போச்சு. எதிர்த்தரப்பு நிறைவேற்று மனு போட்டு, அமீனா வாசலில் நிற்கும்போதுதான் பலருக்கு விஷயமே தெரிகிறது.

ஒரு அம்மா நோட்டீஸோடு வந்தார். "அண்ணாச்சி, நம்ம அப்பீல் நடந்துக்கிட்டுதான இருக்கு?" பதிவேட்டைப் புரட்டினேன். தள்ளுபடியாகி ஏழு மாதம். அவருடைய வக்கீல் ஒரு வார்த்தை சொல்லவில்லை.

உரிமையியல் நடைமுறைச் சட்டம், கட்டளை 41, விதி 17: மேல்முறையீட்டாளர் ஆஜராகாவிட்டால் அப்பீலைத் தள்ளுபடி செய்யலாம். 'செய்யலாம்' என்றுதான் இருக்கிறது, வாய்தாவும் கொடுக்கலாம். ஆனால் ஆள் வராததை வைத்து, வழக்கில் நியாயம் இல்லை என்று தீர்ப்பெழுதக் கூடாது. 1976 திருத்தம் இதைத் தெளிவாக்கியது. ஆள் வராததற்காக மட்டும் தள்ளுபடியானதால்தான் விதி 19-ன்படி அதே கோர்ட்டில் மனுப் போட்டு அப்பீலை மீட்க முடிகிறது. வராததற்குத் தகுந்த காரணம் காட்ட வேண்டும். கெடு, தள்ளுபடியான நாளிலிருந்து 30 நாள். தாண்டிவிட்டால் தாமதத்தை மன்னிக்கக் கோரித் தனி மனு. அதில் ஒவ்வொரு நாளுக்கும் விளக்கம் கேட்டு எதிர்த்தரப்பு வக்கீல் குடைந்தெடுப்பார். மீட்க மறுத்தால் அந்த உத்தரவின் மேலேயும் அப்பீல் உண்டு.

வக்கீல் வராததற்குக் கட்சிக்காரர் என்ன செய்வார்? 1981-ல் ரபீக் எதிர் முன்ஷிலால் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத்தான் கேட்டது. வக்கீல் வராததால் அலகாபாத் உயர் நீதிமன்றத்தில் போன அப்பீலை மீட்டுக் கொடுத்து, எதிர்த்தரப்புக்கான செலவுத் தொகையை வராத வக்கீலிடமே வசூலிக்கச் சொன்னது. கிராமத்து மனிதரின் நிலையைப் புரிந்துகொண்ட தீர்ப்பு அது. ஆனால் 1993-ல் சலீல் தத்தா வழக்கில், எல்லாருக்கும் இது பொருந்தாது என்றும் அதே நீதிமன்றம் சொல்லிவிட்டது. விவரம் தெரிந்தவர், வசதியுள்ளவர், வக்கீல் மேல் பழியைப் போட்டுத் தப்ப முடியாது.

அந்த அம்மாவுக்கு, செலவுத் தொகை கட்டச் சொல்லி அப்பீலைக் கோப்பில் எடுத்தார்கள்.

இந்த நிலை உங்களுக்கு வராமலிருக்க, வக்கீலிடம் அப்பீல் நம்பரையும் 16 இலக்க சி.என்.ஆர். எண்ணையும் எழுதி வாங்குங்கள். கேட்பதில் மரியாதைக் குறைவு எதுவும் இல்லை. இ-கோர்ட்ஸ் செயலியில் அந்த எண்ணைப் போட்டால் அடுத்த வாய்தா தேதி தெரியும். வீட்டுப் பிள்ளைகளை மாதம் ஒருமுறை பார்க்கச் சொல்லுங்கள். வேறு வக்கீல் வைக்கப் பணமில்லை என்றால் தாலுகா சட்டப் பணிகள் குழுவுக்குப் போங்கள். பெண்களுக்கு வருமானம் எவ்வளவு இருந்தாலும் அங்கே இலவசம்.