லண்டனைச் சேகரித்த இசைக்குழு

ஓர் இசைக்குழு படம் எடுக்கக் கிளம்பினால், பாட்டு விற்பதற்கு விளம்பரம் தேடுகிறார்கள் அல்லது பாட்டுச் சரக்கு தீர்ந்துவிட்டது என்று நினைப்பது எளிது. செயின்ட் எட்டியென் என்ற ஆங்கிலேய இசைக்குழுவின் முப்பத்தைந்து ஆண்டு வாழ்க்கையைத் தொடர்ந்து பார்த்தால் அந்த எண்ணம் நிற்காது. 1990-இல் தொடங்கிய இந்தக் குழுவை, பெரிய நிறுவனங்களை அண்டாமல் சிறு இசைத்தட்டு நிறுவனங்கள் வழியே வளர்ந்த ‘இண்டி’ மரபில் சேர்ப்பார்கள். பாப் ஸ்டான்லி, பீட் விக்ஸ் இருவரும் லண்டனின் தெற்கு ஓரத்தில் உள்ள கிராய்டன் பகுதியில் ஒன்றாக வளர்ந்த பால்ய நண்பர்கள். ஸ்டான்லி இசைப் பத்திரிகையாளரும்கூட. ஒரு பிரெஞ்சுக் கால்பந்து அணியின் பெயரைக் குழுவுக்கு வைத்தார்கள். விரைவில் சாரா கிராக்னெல் நிலையான பாடகியாகச் சேர்ந்தார். பாட்டும் படமும் இவர்களுக்கு இரண்டு தொழில்கள் அல்ல என்பது என் கருத்து. காணாமல் போகப்போகும் ஒரு நகரத்தைத் துண்டு துண்டாகச் சேர்த்துவைக்கும் ஒரே வேலையைத்தான் காதுக்கும் கண்ணுக்குமாகச் செய்தார்கள்.

இதற்கான சான்று முதல் ஆல்பத்திலேயே இருக்கிறது. ஒரு பிரெஞ்சு வானொலியின் கால்பந்து வர்ணனையோடுதான் 1991-இல் வந்த ‘ஃபாக்ஸ்பேஸ் ஆல்ஃபா’ தொடங்குகிறது. பழைய இசைத்தட்டிலிருந்து ஒரு துண்டை வெட்டியெடுத்துப் புதுப் பாட்டுக்குள் பதிக்கும் ‘சாம்பிளிங்’ முறை அப்போது நடன இசையில் பரவியிருந்தது. பலர் அதைத் தாளத்துக்குப் பயன்படுத்தினார்கள். இவர்கள் இடத்துக்கும் காலத்துக்கும் பயன்படுத்தினார்கள். 1993-இல் வந்த ‘சோ டஃப்’ ஆல்பத்தில் பாட்டுகளுக்கு நடுவே பழைய படங்களின் வசனத் துண்டுகள் வந்து போகும். அந்த ஆல்பத்தைக் கேட்பது, ஒரு தெருவில் நடக்கும்போது ஒவ்வொரு சன்னலிலிருந்தும் ஒரு குரல் காதில் விழுவது போன்றது. ‘டர்ன்பைக் ஹவுஸ்’ என்ற அடுக்குமாடிக் கட்டடத்தில் வாழும் மனிதர்களின் கதைகளாகவே 2005-இல் ஓர் ஆல்பம் முழுவதையும் அமைத்தார்கள். காட்சியாக யோசிக்கத் தெரிந்தவர்கள் ஒருநாள் படக்கருவியையும் கையில் எடுத்ததில் வியப்பில்லை.

2002-இல் வந்த ஆல்பத்தின் பெயர் ‘ஃபினிஸ்டெர்’. கப்பல்களுக்காக பிபிசி வானொலி வாசிக்கும் வானிலை அறிக்கையில் அந்தப் பெயரில் ஒரு கடற்பகுதி நெடுங்காலம் இருந்தது. அதே 2002-இல் அதை நீக்கி ‘ஃபிட்ஸ்ராய்’ என்று மாற்றினார்கள். வானொலியிலிருந்து போன சொல் ஓர் ஆல்பத்தின் அட்டையில் தங்கிவிட்டது. மறுவருடம் அதே பெயரில் படமும் வந்தது. பால் கெல்லியும் கீரன் எவான்ஸும் இயக்கிய அந்தப் படம் லண்டனின் ஒரு நாளைக் காட்டுகிறது. சுற்றுலா அட்டைகளில் வரும் லண்டன் அதில் இல்லை. தேநீர்க் கடைகளும் கடைப் பெயர்ப்பலகைகளும் ஆளற்ற நடைபாதைகளும்தான் இருக்கின்றன.

இவர்களுடைய படங்களில் என் வாக்கு 2005-இல் வந்த ‘வாட் ஹேவ் யூ டன் டுடே, மெர்வின் டே?’ படத்துக்குத்தான். அந்த ஆண்டு ஜூலை 6-ஆம் தேதி, 2012 ஒலிம்பிக் லண்டனுக்குக் கிடைத்தது. மறுநாள் காலை நகரத்தின் சுரங்க ரயில்களிலும் ஒரு பேருந்திலும் குண்டுகள் வெடித்து 52 பேர் இறந்தார்கள். அந்த மறுநாளில்தான் படம் நிகழ்கிறது. பத்திரிகை போடும் பையன் மெர்வின் கிழக்கு லண்டனின் கீழ் லீ பள்ளத்தாக்கைச் சைக்கிளில் சுற்றிவருகிறான். அவனுடைய அம்மாவும் தாத்தாவும் குரலாக மட்டும் வந்து அந்த மண்ணின் கதையைச் சொல்கிறார்கள். ஒலிம்பிக் பூங்காவுக்காக வழித்தெடுக்கப்படவிருந்த நிலம் அது. 1860-களில் அலெக்சாண்டர் பார்க்ஸ் தொடக்க கால பிளாஸ்டிக்கைத் தயாரித்து விற்க முயன்ற ஹாக்னி விக் அங்கேதான் இருக்கிறது. 1888-இல் தீப்பெட்டித் தொழிற்சாலைப் பெண்கள் வேலைநிறுத்தம் செய்த போ பகுதியும் அதை ஒட்டியதுதான். பாழ்நிலம் என்று அதிகாரிகள் வரைபடத்தில் குறிக்கும் இடத்துக்கு எவ்வளவு வரலாறு உண்டு என்பதைப் படம் கோபக் குரல் எழுப்பாமலே உணர்த்துகிறது. லண்டனின் பார்பிகன் அரங்கில் படம் ஓட, குழு மேடையிலேயே நேரடியாக இசை வாசித்தது. அங்கே எது பாட்டு, எது படம் என்று பிரித்துச் சொல்ல முடியுமா?

இதெல்லாம் வெறும் பழங்கால ஏக்கம் என்ற ஆட்சேபம் வலுவானது, தட்டிக்கழிக்கக் கூடாது. பழைய தேநீர்க் கடையின் அழகைப் பார்க்கிற கண்ணுக்கு அதன் ஒழுகும் கூரை தெரியாமல் போகலாம். பிரிட்டிஷ் திரைப்படக் கழகத்தின் காப்பகக் காட்சிகளைக் கோத்து 2013-இல் எடுத்த ‘ஹவ் வீ யூஸ்ட் டு லிவ்’ படத்தில் போருக்குப் பிந்தைய லண்டன் வண்ணத்தில் மின்னும்போது இந்த ஆபத்து நெருங்கி வருகிறது. ஆனால் ஆபத்தை அவர்களே அறிந்திருந்தார்கள். 2021-இல் வெளியான ‘ஐ ஹேவ் பீன் டிரையிங் டு டெல் யூ’ ஆல்பம், 1997 முதல் 2001 வரையிலான பாப் பாடல்களின் துண்டுகளை எடுத்து மெதுவாக்கி, மங்கலாக்கி, நினைவு எப்படி ஒரு காலத்தை இருந்ததைவிட இனிமையாக்கிக் காட்டுகிறது என்பதையே பொருளாக்கியது. அதற்கும் ஒரு படம் உண்டு. இயக்கியவர் அலாஸ்டர் மெக்லெல்லன். ஏக்கத்தில் மூழ்கியவர்கள் ஏக்கத்தை இப்படிச் சோதித்துப் பார்க்க மாட்டார்கள்.

பெரிய கலை நிறுவனங்களின் ஆதரவில் எடுத்த படங்கள் சுதந்திரமாக இருக்க முடியுமா என்றும் கேட்கலாம். 2007-இல் லண்டன் ஆற்றங்கரையிலுள்ள ராயல் ஃபெஸ்டிவல் ஹால் என்ற இசை மண்டபம் புதுப்பிக்கப்பட்டுத் திறந்தபோது சவுத்பேங்க் சென்டருக்காக எடுத்த ‘திஸ் இஸ் டுமாரோ’வில் கூர்மை குறைவு என்பதை ஒப்புக்கொள்கிறேன். இருந்தாலும் 1951 பிரிட்டன் திருவிழாவுக்காக அந்த ஆற்றங்கரையில் எழுப்பியவற்றில் அந்த ஒரு மண்டபம்தான் நிலைத்தது. மற்றவற்றை அகற்றிவிட்டார்கள் என்ற செய்தி அந்தப் படத்தை வெறும் பாராட்டுப் பத்திரத்துக்கு அப்பால் கொண்டுபோகிறது.

படங்களுக்குச் செலவிட்ட நேரத்தைப் பாட்டுக்குக் கொடுத்திருந்தால் இன்னும் உயர்ந்திருப்பார்கள் என்ற வாதமும் காலக்கணக்கில் தோற்கிறது. 1995-இல் ‘ஹீஸ் ஆன் த ஃபோன்’ பாட்டு விற்பனைப் பட்டியலில் 11-ஆம் இடத்தைத் தொட்டது. படங்கள் தொடங்கியது அதற்கு எட்டு ஆண்டுகள் கழித்துத்தான். அலை தணிந்த பிறகும் ஒரு குழு கலையாமல், மூவரும் அதே மூவராக நீடிக்கும் அளவுக்குச் செய்வதற்கு வேலை இருந்தது என்றால் அதில் படங்களுக்கும் பங்கு உண்டு. ‘இன்டர்நேஷனல்’ ஆல்பத்தை 2025-இல், இதுவே கடைசி என்று சொல்லியே வெளியிட்டார்கள். மெர்வின் சைக்கிள் ஓட்டிய இடத்தில் இன்று ஒலிம்பிக் பூங்கா இருக்கிறது. மற்ற இரண்டு லண்டன் படங்களோடு சேர்த்துத் திரைப்படக் கழகம் வெளியிட்ட தொகுப்பில், அந்தப் பழைய பாதையில் அவன் இன்னும் பத்திரிகை போட்டுக்கொண்டிருக்கிறான்.