கட்டம் கட்டுங்க பாஸ்!

அரசியலில் ஒருத்தரை 'கட்டம் கட்டிட்டாங்க'ன்னா, ஆள் காலின்னு அர்த்தம். பத்திரிகை உலகத்தில் அப்படியே உல்டா! இங்கே கட்டம் கட்டினாத்தான் வார்த்தைக்கு மரியாதை.

காலேஜ் மேகஸின் கையில கிடைச்சதும் நாம என்ன பண்றோம்? முதல்ல நம்ம போட்டோ வந்திருக்கான்னு தேடுறோம். அடுத்து, நம்ம ஆளோட போட்டோ. அதுக்கப்புறம் கண்ணு போறது, பக்கத்து நடுவுல மேலயும் கீழயும் கோடு போட்டு, கொட்டை எழுத்துல தனியா நிக்கிற ரெண்டு வரிக்கு. அது பிடிச்சாத்தான் மேட்டருக்குள்ளயே நுழையுறோம். முதல்வர் உரை? ஸாரி சார்!

அந்த ரெண்டு வரியைத் தேர்ந்தெடுக்கிறது வெறும் டிசைன் வேலை இல்லை. ஒருத்தர் பேசின ஆயிரம் வார்த்தையில எது எல்லாருக்கும் ஞாபகம் இருக்கணும்னு முடிவு பண்ற வேலை. மேகஸின் கமிட்டியில இருக்கிறவங்க, ப்ராஜெக்ட் ரிப்போர்ட்டோட மல்லுக்கட்டுறவங்க எல்லாரும் கொஞ்சம் இந்தப் பக்கம் வாங்க.

ரெண்டு ரகம்!

முதல் ரகம், 'புல் கோட்'. (மாடு மேயுற புல் இல்லீங்க, பிடிச்சு இழுக்கிற புல்!) கட்டுரைக்குள்ள ஏற்கெனவே இருக்கிற ஒரு வரியையே வெளியே இழுத்துப் போட்டு, பெருசாக் காட்டுறது. பக்கத்தைப் புரட்டுற கையை ஒரு செகண்ட் நிறுத்துறதுதான் இதோட டூட்டி.

ரெண்டாவது ரகம், 'பிளாக் கோட்'. அடுத்தவங்க எழுதின நீளமான பகுதியை, இடது பக்கம் கொஞ்சம் உள்ளே தள்ளி, தனிப் பத்தியா வைக்கிறது. புல் கோட்டை எடுத்துட்டாலும் கட்டுரை முழுசா இருக்கும். பிளாக் கோட்டை எடுத்தா, ஓட்டை விழும்.

எவ்வளவு நீளம் இருந்தா உள்ளே தள்ளணும்? அதுக்கும் விதி இருக்கு. சைக்காலஜி, சமூக அறிவியல் பக்கம் பிரபலமான ஏ.பி.ஏ. முறையில் 40 வார்த்தையோ அதுக்கு மேலயோ இருந்தா, அரை இன்ச் உள்ளே போகணும். இலக்கிய ஸ்டூடன்ட்ஸ் பயன்படுத்துற எம்.எல்.ஏ. முறையில் (தொகுதிப் பக்கமே வராதவர் இல்லீங்க, இது கட்டுரை விதிமுறை!) உரைநடை நாலு வரியைத் தாண்டினா தனிப் பத்தி. இப்படித் தள்ளி வெச்சதுக்கு மேற்கோள் குறி போடக் கூடாது. தள்ளி நிக்கிறதே, 'இது என் சரக்கு இல்லை'ன்னு சொல்லிடுதே!

நம்ம கம்ப்யூட்டர் மக்களுக்கு இது புதுசு இல்லை. எச்.டி.எம்.எல்.லில் இதுக்குன்னே 'பிளாக்கோட்' டேக் இருக்கு. லாடெக்கில் சின்ன மேற்கோளுக்கு 'கோட்', பல பத்தி ஓடுச்சுன்னா 'கொட்டேஷன்'.

கல்லில் காணாமல் போன 'ஆல்'

சரி, வெட்டி ஒட்டுறதுல என்ன பெரிய ஆபத்து இருக்குன்னு கேட்கிறீங்களா? வாஷிங்டன் வரைக்கும் போயிட்டு வருவோம்.

1968 பிப்ரவரி 4-ம் தேதி. அட்லாண்டாவில் இருக்கும் தன் தேவாலயத்தில் மார்ட்டின் லூதர் கிங் பேசினார். ஊர்வலத்தில் பேண்டு கோஷ்டிக்கு முன்னால் கெத்தாக நடந்து போவாரே தலைவர், அவரை மாதிரி எல்லாரையும் முந்தி நிற்கத் துடிக்கும் ஆசை மனிதனுக்குள் இருக்கிறது என்று எச்சரித்த பேச்சு அது. கடைசியில், தன் இறுதிச் சடங்கில் தன்னைப் பற்றி என்ன சொல்ல வேண்டும் என்பதற்கு வந்தார். 'என்னை அப்படி முன்னால் போனவன் என்று சொல்ல விரும்பினால், நீதிக்காகப் போனவன் என்று சொல்லுங்கள்' என்கிற அர்த்தத்தில் பேசினார். சரியாக இரண்டு மாதம் கழித்து, ஏப்ரல் 4 அன்று, மெம்ஃபிஸ் நகரில் சுட்டுக் கொல்லப்பட்டார்.

2011-ல் வாஷிங்டனில் அவருக்கு நினைவிடம் திறந்தார்கள். சுமார் 30 அடி உயரச் சிலை. அதன் பக்கவாட்டில் இந்த வாசகம். ஆனால், கல்லில் இடம் போதாமல் சுருக்கிவிட்டார்கள். 'விரும்பினால்' அவுட்! 'நான்தான் முன்னால் போனவன்' என்று அவரே மார்தட்டுவது மாதிரி ஆகிவிட்டது. 'கிங்கைத் திமிர் பிடித்தவராகக் காட்டுகிறது' என்று எழுத்தாளர் மாயா ஏஞ்சலோ கொதித்தார். விவாதம் நீண்டு, 2013-ல் அந்த எழுத்துகளைக் கல்லிலிருந்தே செதுக்கி எடுத்தார்கள். பேப்பரா, கிழித்துப் போட? கிரானைட்!

தமிழுக்கு வால்தான் உயிர்!

நம்ம தமிழ்ல இந்த ஆபத்து இன்னும் ஜாஸ்தி. ஏன்னா, நம்ம வாக்கியத்துல மெயின் மேட்டர் கடைசியில்தான் வரும். 'மாட்டேன்', 'என்று சொன்னார்கள்' எல்லாம் வாலிலேயே உட்கார்ந்திருக்கும். வாலை வெட்டினா, ஆளே மாறிடுவார்.

உதாரணத்துக்கு, ஹாஸ்டல் மெஸ்ல சப்பாத்தி போடுற அக்காவை நீங்க பேட்டி எடுக்கிறதா வெச்சுக்குவோம். 'சாப்பாடு ஒருநாளும் நல்லா இல்லைன்னு பசங்க சொன்னா, அன்னிக்கு எனக்குத் தூக்கமே வராது தம்பி'ன்னு மனசு விட்டுப் பேசுறாங்க. இதை லே-அவுட் பண்ற நண்பர், இடம் இல்லைன்னு 'சாப்பாடு ஒருநாளும் நல்லா இல்லை!'ன்னு மட்டும் கட்டம் கட்டி, கீழே அக்கா பேரையும் போட்டுட்டா? உள்ளே முழுப் பேட்டியும் பக்காவா இருக்கலாம். ஆனா, மெஸ் கான்ட்ராக்டர் உள்ளே படிக்க மாட்டார். கட்டத்தைத்தான் படிப்பார். நமக்கு அது ஒரு பக்கம். அக்காவுக்கு அது வேலை.

*
நமக்கு அது ஒரு பக்கம்; அக்காவுக்கு அது வேலை.
*

பார்த்தீங்களா, மேலே இருக்கிறதுதான் புல் கோட்!

கட்டம் கட்டும் முன்...

* ஒரு பக்கத்துக்கு ஒண்ணு போதும். எல்லாத்தையும் பெருசாக்கினா, எதுவும் பெருசாத் தெரியாது.

* தனியா நின்னாலும் அர்த்தம் மாறாத வரியா எடுங்க. முன்னாடி பின்னாடி படிச்சாத்தான் புரியும்னா, அது கட்டத்துக்கு லாயக்கில்லை.

* ஒரு சொல்லைக்கூட மாத்தாதீங்க. இடம் பத்தலையா? எழுத்து சைஸைக் குறைங்க, வாக்கியத்தைக் குறைக்காதீங்க.

* நீளமான மேற்கோளை அப்படியே பொத்துன்னு போடாதீங்க. முன்னாடி 'இதை ஏன் காட்டுறேன்'னு ஒரு வரி, பின்னாடி 'இதுல என்ன தெரியுது'ன்னு ஒரு வரி. பக்கத்தை ரொப்புறதுக்கு மட்டும் போட்டா, கைடு கண்டுபிடிச்சுடுவார்!

* சொன்னவர் பேரைக் கட்டாயம் போடுங்க. வாட்ஸ்அப்பில் வர்ற எல்லாத்துக்கும் கீழே கலாம் படம் இருக்கும். எந்தப் பேச்சு, எந்தப் புத்தகம்னு தெரியலைன்னா, தொடவே தொடாதீங்க.

* முக்கியமா, பேட்டி கொடுத்தவர்கிட்ட 'இந்த வரியைத்தான் பெருசாப் போடப் போறோம்'னு படிச்சுக் காட்டுங்க. ரெண்டு நிமிஷ வேலை. அவங்க முகம் மாறுதான்னு பாருங்க. மாறுச்சுன்னா, வேற வரி தேடுங்க.

எல்லாம் சரியா இருந்தா, தைரியமா பிரின்ட்டுக்கு அனுப்புங்க. வந்ததும் முதல் காப்பியை மெஸ் அக்காவுக்குக் கொடுக்க மறந்துடாதீங்க. அன்னிக்கு சப்பாத்தி ரெண்டு எக்ஸ்ட்ரா விழும்!