குதிரைக் குளம்புகளுக்கு நடுவே

வறண்டு கிடக்கும் ஏரிப்படுகையில் ஆறு குதிரைகள் பூட்டிய வண்டி பறக்கிறது. குதிரையில் விரட்டி வரும் அப்பாச்சிப் பழங்குடி வீரன் ஒருவன், வண்டியின் முன்வரிசைக் குதிரை மேல் தாவுகிறான். துப்பாக்கி வெடிக்கிறது. இரண்டு குதிரைகளுக்கு நடுவில் விழுந்தவன், ஏர்க்காலைப் பிடித்தபடி தரையில் இழுபடுகிறான். இன்னொரு குண்டு. பிடியை விடுகிறான். பின்வரிசைக் குதிரைகளும் வண்டியும் அவனுக்கு மேலாகவே ஓடிப் போகின்றன.

ஜான் ஃபோர்டு இயக்கி 1939-இல் வெளிவந்த 'ஸ்டேஜ்கோச்' படத்தில் வரும் காட்சி இது. விழுந்தவர் யக்கிமா கனட். அதே படத்தில், கதாநாயகன் ஜான் வெய்ன் ஓடும் குதிரைகள் மேல் தாவித் தாவி முன்னே போகும் இடத்திலும் டூப் போட்டவர் இவர்தான்.

எப்படி உயிர் பிழைத்தார்? கனட்டே பின்னாளில் விளக்கியிருக்கிறார். மெதுவாக ஓடும் குதிரை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் ஒதுங்கும். குளம்பு எங்கே விழும் என்று சொல்ல முடியாது. முழு வேகத்தில் விரட்டினால்தான் நேராக ஓடும், நடுவில் ஒரு ஆள் கிடக்க இடம் இருக்கும். பிடியை விட்ட உடனே கைகளை மார்போடு சேர்த்து, முழங்கைகளை விலாவோடு ஒட்டிக்கொள்ள வேண்டும். வெளியே நீட்டியிருந்தால் வண்டியின் முன் அச்சு அடித்துவிடும். பார்க்கிறவர்கள் மூச்சைப் பிடித்துக்கொள்ளும் அந்தச் சில நொடிகளுக்குப் பின்னால் இத்தனை கணக்கு இருந்தது.

1895-இல் அமெரிக்காவின் வாஷிங்டன் மாநிலத்தில், கால்ஃபாக்ஸ் ஊருக்கு அருகே பிறந்தவர் கனட். பெற்றோர் வைத்த பெயர் ஈனோஸ் எட்வர்ட். அடங்காத குதிரை மேல் உட்கார்ந்து தாக்குப்பிடிக்கும் ரோடியோ போட்டிகளில் பதின்வயதிலேயே இறங்கினார். 1914-இல் பெண்டில்டன் ஊரில் நடந்த போட்டியின்போது ஒரு பத்திரிகைப் படத்தின் கீழே அவர் பெயர் தவறுதலாக 'யக்கிமா கனட்' என்று அச்சாகிவிட்டது. யக்கிமா, வாஷிங்டன் மாநிலத்து ஊர் ஒன்றின் பெயர். அதுவே நிலைத்தது.

ரோடியோவிலிருந்து சினிமாவுக்கு வந்து, மௌனப் படங்களில் கதாநாயகனாகவே நடித்தார். ஆனால் கடற்படையில் இருந்தபோது கண்ட காய்ச்சல் தொண்டையைக் கெடுத்திருந்தது. படங்கள் பேசத் தொடங்கியதும் அந்தக் கரகரத்த குரல் எடுபடவில்லை. முகத்தைக் காட்டியவர், முகம் தெரியாமல் விழுகிறவரானார்.

விழுவதை அவர் ஒரு தொழில்நுட்பமாக வளர்த்தெடுத்தார் என்பதுதான் முக்கியம். குதிரையிலிருந்து சாயும்போது கால் மாட்டிக்கொள்ளாத ஒருபக்கம் திறந்த அங்கவடி, வண்டி கவிழுமுன் குதிரைகளைத் தனியே கழற்றிவிடும் பொறி என்று பலவற்றை உருவாக்கினார். கையால் தொடாமலேயே குத்து விழுந்ததுபோல் கேமரா கோணத்தால் காட்டும் முறையை ஜான் வெய்னுடன் சேர்ந்து செம்மைப்படுத்தினார்.

ஒன்றைச் சொல்லாமல் விடக் கூடாது. ஓடும் குதிரையின் முன்கால்களில் கம்பி கட்டி இழுத்துத் தலைகுப்புற விழவைக்கும் கொடூரமான முறை அந்தக் காலத்தில் இருந்தது. கனட்டும் அதைப் பலமுறை பயன்படுத்தியவர். மனிதர்களைக் காக்க அத்தனை யோசித்த கலை, குதிரைகளுக்குக் கருணை காட்டத் தாமதித்தது.

அவரும் தப்பவில்லை. 1940-இல் 'பூம் டவுன்' படப்பிடிப்பில் குதிரை அவர் மேலேயே சரிந்தது. சேணத்தின் முன்கொம்பு வயிற்றைத் தாக்கிக் குடல் சேதமடைந்தது. உடம்பு தேறியபின், வயது ஏற ஏற, சண்டைக் காட்சிகளை இயக்கும் பக்கம் நகர்ந்தார்.

ரோமில் எடுத்த 'பென்-ஹர்' (1959) தேர்ப் பந்தயத்தை ஆண்ட்ரூ மார்ட்டனோடு சேர்ந்து உருவாக்கியது அந்தக் கட்டத்தில்தான். தேரோட்டிகளைப் பழக்கியவர் கனட். கதாநாயகன் சார்ல்டன் ஹெஸ்டனுக்குத் தேரோட்டக் கற்றுக்கொடுத்தவரும் அவரே. ஹெஸ்டனுக்கு டூப் போட்டவர் கனட்டின் மகன் ஜோ. நொறுங்கிய தேரைத் தாண்டியபோது ஜோ முன்பக்கமாகத் தூக்கி வீசப்பட்டார். தேரைப் பிடித்துக்கொண்டதால் மோவாயில் காயத்தோடு தப்பினார். எதிர்பாராத அந்த விபத்தை அப்படியே படத்தில் வைத்துக்கொண்டார்கள். ஹெஸ்டன் மறுபடி தேரில் ஏறும் ஷாட்டைத் தனியே எடுத்து ஒட்டினார்கள்.

ஸ்டன்ட் கலைஞர்களைக் காக்கும் சாதனங்களை உருவாக்கியதற்கும் சேர்த்து, 1967 விழாவில் கனட்டுக்குக் கௌரவ ஆஸ்கர் கிடைத்தது. ஸ்டன்ட் வடிவமைப்புக்கென்று ஆஸ்கரில் தனிப் பிரிவு 2028 விழாவிலிருந்துதான் வரப்போகிறது. இவ்வளவு காலம் காக்கவைத்தது அநியாயம்.

1986-இல், 90 வயதில் கனட் மறைந்தார். அதற்கு ஐந்து ஆண்டுகள் முன்பு வெளிவந்த 'ரெய்டர்ஸ் ஆஃப் தி லாஸ்ட் ஆர்க்' படத்துக்காக, கனட் வண்டிக்கு அடியில் போனதுபோலவே, ஸ்டன்ட் கலைஞர் டெர்ரி லெனர்ட் ஓடும் லாரிக்கு அடியில் இழுபட்டுச் சென்றார். அதற்காக லாரியின் உயரத்தைக் கூட்டி, உடம்பு நுழைய இடம் வேண்டும் என்று சாலையின் நடுவே நீளமாகப் பள்ளம் வெட்டியிருந்தார்கள்.