ஐந்து நாடுகளின் போரா

போரா மிலுட்டினோவிச் 1986 முதல் 2002 வரை ஐந்து உலகக் கோப்பைக் கால்பந்துத் தொடர்களில் தொடர்ந்து பயிற்சியாளராக இருந்தார். ஒவ்வொரு முறையும் வேறொரு நாட்டுக்கு. ஐந்து வெவ்வேறு நாடுகளோடு உலகக் கோப்பைக்குப் போன இன்னொருவர் பிரேசிலின் கார்லோஸ் அல்பெர்ட்டோ பரெய்ரா.

போரா 1944-ல் செர்பியாவில் பிறந்தவர். அண்ணன்மார் இருவரைப் போலவே பெல்கிரேடின் பார்ட்டிசான் கழகத்தில் ஆடினார். பிறகு சுவிட்சர்லாந்து, பிரான்ஸ் என்று ஊர் ஊராகப் போய், 1972-ல் மெக்சிகோவின் பூமாஸ் கழகத்தில் சேர்ந்தார். ஆட்டத்தை முடித்ததும் அதே கழகத்தில் பயிற்சியாளரானார். 1986 உலகக் கோப்பையில் மெக்சிகோவைக் காலிறுதிவரை கொண்டுபோனார். அங்கே மேற்கு ஜெர்மனியிடம் பெனால்டியில்தான் தோற்றது அந்த அணி.

அவர் பெயரைப் பரப்பியது 1990தான். முதன்முறையாக உலகக் கோப்பைக்குத் தகுதி பெற்றிருந்த குட்டி நாடு கோஸ்டா ரிக்கா. தொடர் தொடங்கச் சில மாதங்களே இருந்தபோது போரா பொறுப்பேற்றார். இத்தாலிக்குப் போன அந்த அணி ஸ்காட்லாந்தை 1-0 என்றும் சுவீடனை 2-1 என்றும் வென்றது. பிரேசிலிடமும் ஒரே கோலில்தான் தோற்றது. டூரினில் நடந்த அந்த ஆட்டத்துக்குக் கோஸ்டா ரிக்கர்கள் கறுப்பு வெள்ளைக் கோடு போட்ட சட்டையில் இறங்கினார்கள். அவ்வூர்க் கழகமான யுவென்டஸின் நிறமும் அதுவே. அடுத்த சுற்றில் செக்கோஸ்லோவாக்கியா 4-1 என்று அவர்களை வீட்டுக்கு அனுப்பியது.

அடுத்துப் பொறுப்பேற்ற அமெரிக்காவில் வேலை வேறு மாதிரி. அங்கே அப்போது முதல்தரத் தொழில்முறை லீக்கே இல்லை. கால்பந்துச் சங்கமே ஆட்டக்காரர்களுக்குச் சம்பளம் கொடுத்துக் கலிபோர்னியாவின் மிஷன் வியேஹோவில் பயிற்சிக்குத் திரட்டி வைத்தது. இங்கே போராவுக்கு நீண்ட அவகாசம் கிடைத்தது. 1994-ல், பெரிதும் எதிர்பார்க்கப்பட்ட கொலம்பியாவை அமெரிக்கா 2-1 என்று வென்றது. அதில் ஒன்று கொலம்பியாவின் ஆந்த்ரேஸ் எஸ்கோபார் போட்ட சேம்சைடு கோல். நாக் அவுட் சுற்றில் பிரேசில் 1-0 என்று வென்றது.

மறுபடி மெக்சிகோ. 1998 உலகக் கோப்பைக்குத் தகுதி பெற்றுத் தந்தும் வேலை போனது. நைஜீரியா அழைத்தது. முதல் ஆட்டத்தில் ஸ்பெயினை 3-2 என்று வீழ்த்திய அணி, அடுத்த சுற்றில் டென்மார்க்கிடம் 4-1 என்று சரிந்தது. நட்சத்திரங்கள் நிறைந்த அணியைவிட, யாரும் பொருட்படுத்தாத அணியே அவருக்குப் பொருந்தியது போலும்.

அடுத்துச் சீனாவின் பயிற்சியாளரானார். சீனர்கள் அவரை ‘மிலு’ என்றார்கள். மகிழ்ச்சியாக ஆடுங்கள் என்பதுதான் அவர் பாடம். ‘மனப்பான்மையே எல்லாவற்றையும் தீர்மானிக்கும்’ என்று எழுதிய தொப்பியோடு திரிந்தார். 2001-ல் ஓமனை 1-0 என்று வென்று சீனா முதன்முறையாக உலகக் கோப்பைக்குத் தகுதி பெற்றது. போட்டியை நடத்திய ஜப்பானும் தென்கொரியாவும் தகுதிச் சுற்றில் ஆடாததால் பாதை சற்று எளிதாகியிருந்தது. 2002-ல் சீனா மூன்று ஆட்டங்களிலும் தோற்றது. ஒன்பது கோல் வாங்கி, ஒன்றுகூட அடிக்கவில்லை. முதல் தோல்வி கோஸ்டா ரிக்காவிடம். அந்த அணியின் பயிற்சியாளர் அலெக்ஸாந்த்ரே கிமரேஸ், 1990-ல் போராவின் கீழ் ஆடியவர்.

அதன்பின் ஹோண்டுராஸ், ஜமைக்கா, இராக். 2009 கான்ஃபெடரேஷன்ஸ் கோப்பையில் இராக் மூன்று ஆட்டங்களில் வாங்கியது ஒரே கோல், அதுவும் ஐரோப்பிய சாம்பியன் ஸ்பெயினிடம். அடித்த கோல் ஒன்றுமில்லை.