பென்சிலால் நடிப்பவர்கள்

1989-இல் வெளிவந்த 'தி லிட்டில் மெர்மெய்ட்' படத்துக்கான வேலை தொடங்கியபோது, வில்லி அர்சுலாவை அனிமேட்டர் க்ளென் கீனிடம் ஒப்படைக்கத்தான் டிஸ்னி நிறுவனம் நினைத்தது. சீறும் கரடி, எலி வில்லன் ராட்டிகன் என்று முரட்டு உருவங்களில் பெயர் வாங்கியிருந்தவர் கீன். ஆனால் கடல்கன்னி ஏரியலுக்காக ஜோடி பென்சன் பாடியதைக் கேட்டதும், ஏரியலைத் தானே வரைய வேண்டும் என்று கேட்டு வாங்கிக்கொண்டார். நடிகர்கள் பிடித்த வேடத்தைக் கேட்டு வாங்குவதில்லையா? கேரக்டர் அனிமேட்டர் செய்வதும் நடிப்புதான். அவருடைய உடல் மட்டும் திரையில் வராது.

பெரும்பாலான படங்களில் வசனம் முதலில் பதிவாகிவிடும். சில விநாடிகளே ஓடும் ஒரு ஷாட் அனிமேட்டரின் கைக்கு வரும். பேசுபவர் எங்கே மூச்சு இழுக்கிறார், எந்தச் சொல்லை அழுத்துகிறார் என்று அந்த வசனத்தைத் திரும்பத் திரும்பக் கேட்பார். கண்ணாடி முன் தானே நடித்துப் பார்ப்பார். பிறகு முக்கியமான நிலைகளை மட்டும் வரைவார். அவற்றுக்கு இடைப்பட்ட படங்களை உதவியாளர்கள் நிரப்புவார்கள். விநாடிக்கு 24 ஃப்ரேம். ஒரு படத்தை இரண்டு ஃப்ரேமுக்கு வைத்தால்கூட விநாடிக்கு 12 படம் வேண்டும். ஒரு வாரம் முழுக்க உழைத்தாலும் கையில் மிஞ்சுவது சில விநாடிகள்தான்.

ஒரு பாத்திரம் பின்னால் கேட்ட சத்தத்துக்குத் திரும்புகிறது என்று வைத்துக்கொள்வோம். தலையை அப்படியே திருப்பினால் பொம்மை திரும்புவதுபோல இருக்கும். முதலில் கண் நகர வேண்டும். அடுத்து தலை, திரும்பும் வழியில் ஓர் இமைப்பு, அதன் பிறகே தோள். கண் முந்திக்கொள்ளும் அந்த நாலைந்து ஃப்ரேமில்தான் 'இது யோசிக்கிறது' என்று நாம் நம்பிவிடுகிறோம். எவ்வளவு அழகாக வரைந்தாலும், இந்த இடத்தில் தவறினால் பாத்திரம் செத்துவிடும்.

கீன் 1974-இல் டிஸ்னியில் சேர்ந்து, மூத்த அனிமேட்டர் ஆலி ஜான்ஸ்டனிடம் வேலை பழகினார். முதலில் இடைப்படங்கள், பிறகு உதவியாளர், அதன் பிறகு தனி அனிமேட்டர், கடைசியில் ஒரு பாத்திரத்துக்கே பொறுப்பாளர் என்பதுதான் அந்தக் காலத்து ஏணி. பொறுப்பாளரானால் வேறொரு சுமை சேரும்: பல கைகள் வரைந்தாலும் முகம் ஒன்றாகவே இருக்க வேண்டும். ஏரியலையே கீனும் மார்க் ஹென்னும் பகிர்ந்துகொண்டார்கள். 'பியூட்டி அண்ட் த பீஸ்ட்' (1991) படத்தின் பீஸ்டுக்கு எருமைத்தலை, சிங்கப்பிடரி, காட்டுப்பன்றியின் கொம்புப்பல், கரடியின் உடல், ஓநாயின் கால் என்று பலவற்றைச் சேர்த்த கீன், கண்ணை மட்டும் மனிதனுடையதாகவே விட்டார். அந்த முரட்டு உருவத்தைப் பார்த்து நாம் இரங்குவதற்கு அந்தக் கண்தான் காரணம் என்பேன்.

1995-இல் முழுக்கக் கணினியில் உருவான 'டாய் ஸ்டோரி' வந்த பிறகு நிலைமை மாறியது. பத்து ஆண்டுகளுக்குள் டிஸ்னியின் ஆர்லாண்டோ ஸ்டூடியோ மூடப்பட்டது. பென்சில்காரர்கள் பலர் வேலை இழந்தார்கள் அல்லது கணினிக்கு மாறினார்கள். இன்று உருவத்தைச் செதுக்குபவர் ஒருவர், அதற்குள் எலும்பும் மூட்டும் பொருத்தும் ரிக்கர் இன்னொருவர். அதை அசைத்து நடிக்கவைப்பது மட்டுமே அனிமேட்டரின் வேலை. 'டேங்கிள்ட்' (2010) எடுத்தபோது இளைஞர்களின் கணினி ஷாட்டுகள் மேலேயே கீன் வரைந்து, உதட்டோரமும் இடுப்புச் சாய்வும் எங்கே மாற வேண்டும் என்று காட்டினார். மென்பொருளைக் கற்றுக்கொண்டு வந்தவர்களுக்கு அவர் கற்றுக்கொடுத்தது நடிப்பை.

இன்று வாய்ப்புக் கேட்டு வருபவரிடம் ஸ்டூடியோக்கள் முதலில் பார்ப்பது சான்றிதழை அல்ல, அவர் செய்த ஷாட்டுகளின் தொகுப்பான டெமோ ரீலை. ஒரே ஒரு பாத்திரம் மனம் மாறும் பத்து விநாடி, பறக்கும் கார்களைவிட அங்கே அதிகம் பேசும். வேலை கிடைத்தாலும் அது ஒரு படத்தோடு முடிந்துபோகலாம்.

எனக்கு வருத்தம் தருவது வேறொன்று. போஸ்டரில் குரல் கொடுத்த நட்சத்திரத்தின் பெயர் பெரிதாக இருக்கும். அந்த முகத்தை அழவைத்தவரின் பெயர் படம் முடிந்து அரங்கம் காலியாகும்போது ஓடும். அனிமேஷனுக்கான ஆனி விருதுகளில் பாத்திர அனிமேஷனுக்குத் தனிப் பிரிவு உண்டு, ஆஸ்கரில் இல்லை. 2018-இல் கீன் ஆஸ்கர் வாங்கியதுகூட 'டியர் பாஸ்கெட்பால்' என்ற குறும்படத்தை இயக்கியதற்காகத்தான்.