விண்வெளி நிலையத்தில் மூச்சும் உழைப்பும்

மொனராகலைப் பக்கத்து இறப்பர்த் தோட்டங்களிலும் பதுளைத் தேயிலை மலைகளிலும் பீலித் தண்ணீர் இயற்கையின் கொடை என்றே பேசப்படுவதுண்டு. அதனைக் குடங்குடமாகச் சுமந்து லயத்துக்குக் கொண்டுசேர்க்கும் பெண்ணின் உழைப்பு அப்பேச்சில் மறைந்துவிடுகிறது. காற்றைப் பற்றியோ பேச்சே இல்லை. இவ்விரண்டும் முற்றாக மனித உழைப்பின் விளைபொருளாகிவிட்ட இடமொன்று உண்டு. அதுவே புவிக்கு மேல் ஏறத்தாழ 400 கிலோமீற்றர் உயரத்தில், 90 நிமிடங்களுக்கு ஒருமுறை புவியை வலம்வரும் சர்வதேச விண்வெளி நிலையம். 2000 நவம்பர் 2 முதல் அங்கு மனிதர் இடையறாது வாழ்ந்துவருகின்றனர். அவ்வாழ்வின் பௌதிக அடிப்படையை ஈண்டு நோக்குவோம்.

நிலையத்தின் ஒட்சிசன் பெரும்பாலும் நீரிலிருந்தே பெறப்படுகிறது. சூரியக் கலத் தகடுகள் தரும் மின்னைச் செலுத்தி நீரை ஒட்சிசனாகவும் ஐதரசனாகவும் பகுக்கின்றனர். ஒருவருக்கு நாளொன்றுக்கு ஏறத்தாழ 840 கிராம் ஒட்சிசன் தேவை. அவர் வெளிவிடும் காபனீரொட்சைட்டோ ஏறத்தாழ ஒரு கிலோகிராம். அதனைச் சியோலைற்று என்னும் நுண்துளைக் கனிமம் பற்றிக்கொள்கிறது. இங்கு எதிர்பாராத சிக்கலொன்று எழுகிறது. நிறையின்மையில் சூடான காற்று மேலெழுவதில்லை. ஆதலால் உறங்குபவர் வெளிவிட்ட காற்று அவர் முகத்தைச் சூழ்ந்தே நின்றுவிடக்கூடும். விசிறிகள் ஓயாது சுழன்று அதனைக் கலைத்தல் வேண்டும். நம் அடுப்பங்கரைப் புகை கூரையை நோக்கி எழுவதும் புவியீர்ப்பின் உபகாரமே.

வியர்வை, மூச்சின் ஈரம், சிறுநீர் யாவும் வடித்துத் தூய்மையாக்கப்பட்டு மீண்டும் குடிநீராகின்றன. 2023இல் இம்மீட்பு 98 வீதத்தை எட்டியது. அருவருப்புக் கொள்வோர், கடலும் மேகமும் காலங்காலமாகச் செய்துவருவதும் இதுவே என்பதை மனங்கொள்க.

ஆராய்ச்சி என்பது அன்றாட வேலையினின்றும் விடுபட்ட தூய சிந்தனையின் செயல் என்பது கருத்துமுதல்வாத மயக்கம். நிலையத்தின் வரலாறே அதனை மறுக்கிறது. 2003 பெப்ரவரியில் கொலம்பியா விண்ணோடம் அழிந்தபின் பொருள்வழங்கல் குன்றியது. மூவராயிருந்த குழு இருவராகக் குறைக்கப்பட்டது. அவ்விருவரது காலத்திற் பெரும்பகுதி பராமரிப்புக்கே செலவாயிற்று, ஆய்வு சுருங்கியது. 2008 நவம்பரில் நீர்மீட்புக் கருவிகள் சென்று சேர்ந்தன. 2009இல் குழு அறுவராயிற்று. கழிவுநீரைக் குடிநீராக்கும் பொறி ஆய்வுகூடத்திற்கு வெளியே நின்றதன்று. அதுவே ஆய்வுகூடத்தை விரித்தது. 2025இல் இந்தியரான சுபான்சு சுக்லா அங்கு வெந்தயமும் பயறும் முளைக்க வைத்ததையும் இப்பின்னணியிலேயே நோக்குதல் வேண்டும். விண்ணில் உணவு விளைவிப்பது பற்றிய ஆய்வு, ஒருவகையில், பராமரிப்பைப் பற்றிய ஆய்வுமாகும்.

இலங்கைக்கும் இந்நிலையத்தோடு ஒரு தொடர்பு உண்டு. யப்பானின் கியூசு தொழில்நுட்ப நிறுவனத்தில் இலங்கைப் பொறியியலாளர் உருவாக்கிய ‘ராவணா-1’ என்னும் சிறு செய்மதி, 2019 ஏப்ரல் 17இல் நிலையத்துக்கான சரக்குக் கலத்தில் ஏற்றி அனுப்பப்பட்டது. பக்கமொன்று 10 சென்ரிமீற்றர் அளவேயான அப்பெட்டியைச் சுற்றி நம் நாட்டில் எழுந்த பேச்சு பெரும்பாலும் புராணப் பெருமிதமாயிருந்தது. யூன் 17இல் நிலையத்தின் யப்பானியக் கூடமான ‘கிபோ’விலிருந்தே அது விண்ணில் விடப்பட்டது. அதுவரை அது காத்துக் கிடந்தது, பிறர் உழைப்பால் மூச்சுவிடும் அதே நிலையத்தில்தான்.